சுவருக்கு அந்தப் பக்கத்துத் தரை

என் தையல் மிஷின் நடுச்சுவரை ஒட்டிக் கிடக்கிறது. மாமனார் காலமான பிறகு, தென்காசியில் இருந்த ஒரே வீட்டைக் குறுக்கே சுவர் எழுப்பி இரண்டாக்கினார்கள். இந்தப் பாதி மூத்தவரான என் கணவருக்கு, அந்தப் பாதி அவருடைய தம்பிக்கு. சிக்கனமாகக் கட்டிய நாலரை அங்குலச் சுவர். அந்தப் பக்கம் தும்மினால் இந்தப் பக்கம் இருந்தே துஆச் சொல்லிவிடலாம். அண்ணனும் தம்பியும் வளைகுடாவில் இருப்பதால், வருடத்தில் பெரும்பாலான நாட்கள் சுவரின் இரண்டு பக்கமும் நாங்கள் இரண்டு பெண்கள்தான். நான் இந்தப் பக்கம் ரவிக்கை தைத்துக்கொண்டிருப்பேன். என் ஓரகத்தி, அதாவது கொழுந்தனின் மனைவி, அந்தப் பக்கம் மிக்சியை ஓட்டிக்கொண்டிருப்பாள்.

சென்ற ஆண்டு சாரல் பிடித்த முதல் வாரத்தில் ஒரு காலை, அந்தச் சுவர் வழியாக 'டொக் டொக்' என்று சத்தம் வந்தது. ஆணி அடிக்கிற சத்தம் இல்லை. ரப்பர் சுத்தியால் தட்டுகிற அமுங்கிய சத்தம். இரண்டு தட்டு, ஒரு சிரிப்பு. மறுபடி இரண்டு தட்டு, ஒரு சிரிப்பு. தட்டியது லீவில் வந்திருந்த கொழுந்தன். சிரித்தது அவள். நான் வெட்டி வைத்திருந்த ரவிக்கைக் கையை மாற்றிப் பொருத்தித் தைத்துவிட்டேன். இருபது வருடத் தையலில் அப்படி நடந்ததே கிடையாது.

கறிவேப்பிலை கேட்கிற சாக்கில் போய்ப் பார்த்தேன். பட்டாசலில், அதாவது முன்கூடத்தில், இருந்த சாமான்களை எல்லாம் அடுக்களைக்குத் தள்ளிவிட்டு, பழைய மொசைக் தரையின் மேலேயே புதுத் தரை போட்டுக்கொண்டிருந்தார்கள். பார்க்க மரப்பலகை மாதிரி இருக்கும். மரம் இல்லை, வினைல். ஒரு பலகையின் ஓரத்தை முந்தின பலகையின் காடிப் பள்ளத்துக்குள் சாய்த்துச் செருகி அழுத்தினால் 'கிளிக்' என்று பூட்டிக்கொள்ளும். பசை வேண்டாம், சிமெண்ட் வேண்டாம், கொத்தனார் வேண்டாம். கொல்லத்தில் இருந்து பார்சல் லாரியில் செங்கோட்டை வழியாக வந்து இறங்கியதாம். கொழுந்தன் தலையணையை மடித்துப் போட்டு அதன்மேல் முட்டி போட்டிருந்தார். தண்ணீர்க் குடத்தில் சாய்த்து வைத்திருந்த போனில் எவனோ ஒருவன் ஆங்கிலத்தில் பாடம் நடத்திக்கொண்டிருந்தான். அவள் பலகையின் மறுமுனையைப் பிடித்துக் கொடுத்தாள். அவர் ஒரு பலகையைத் தலைகீழாக அளந்து வெட்டிவிட்டார். அதற்கும் சிரிப்பு. சிரித்து முடித்து அவள் தன் முந்தானையால் அவர் நெற்றியைத் துடைத்தாள், நான் வாசலில் நிற்பது தெரிந்துகொண்டே.

"என்ன லாத்தா, எப்படி இருக்கு?" என்றாள். அக்காவைத்தான் நாங்கள் லாத்தா என்போம்.

"நல்லாத்தான் இருக்கு. கொஞ்சம் வழுக்குமோ?" என்றேன்.

என் வயிற்றெரிச்சலுக்குக் காரணம் சொல்லிவிடுகிறேன். கொழுந்தன் தோஹாவில் ஒரு சூப்பர் மார்க்கெட்டில் கணக்கு எழுதுகிறவர். பேனா பிடிக்கிற கை. என் கணவருக்கோ ஷார்ஜாவில் தொழிலே இதுதான். பன்னிரண்டு வருடமாகப் புதிதாகக் கட்டுகிற வில்லாக்களில் தரை போடுகிறார். இந்தக் கிளிக் பலகையில் எத்தனை வீடு போட்டிருப்பார் என்று அவருக்கே தெரியாது. அப்படிப்பட்டவரின் மனைவி நான், கறை ஏறிப்போய் ஓரம் பெயர்ந்த மொசைக்கில் மிஷினை மிதித்துக்கொண்டிருக்கிறேன். இரண்டு லீவுக்கு முன்பே கேட்டேன், நமக்கும் ஒன்று போடுங்களேன் என்று. "டாக்டரு லீவுக்கு வந்த எடத்துலயும் ஊசி போடணுமாக்கும்" என்று சிரித்தார். நானும் அன்றைக்குச் சிரித்தேன்.

இப்போது சிரிப்பு வரவில்லை. எனக்கு வேண்டியது அந்தத் தரைகூட இல்லை. அவர் இந்த வீட்டுக்குள் எனக்காக முட்டி போட்டு உட்கார வேண்டும், நான் மறுமுனையைப் பிடிக்க வேண்டும். நாற்பது நாள் லீவில் இரண்டே இரண்டு நாள். கேட்டது அவ்வளவுதான்.

நான்காம் நாள் அவர்களுடைய தரை முடிந்தது. சுவரை ஒட்டிச் சுற்றிலும் சுண்டுவிரல் கனத்துக்கு இடம் விட்டிருந்தார்கள். அப்படி விடச் சொல்லி வீடியோவில் சொன்னானாம். பலகையைத் தட்டிப் பொருத்தத்தான் அந்த இடம், வேலை முடிந்ததும் அடைத்துவிட வேண்டியதுதான் என்று கொழுந்தன் நினைத்துக்கொண்டார். அவரைக் குற்றம் சொல்வதற்கில்லை. எங்கள் ஊரில் சுவரோரம் இடுக்கு இருந்தால் அது அரைகுறை வேலை என்றுதான் அர்த்தம். அதுவும் சாரல் காலத்தில் இடுக்கு என்றால் பூரான். முந்தின வருடம் அவளைக் கால் கட்டைவிரலில் ஒரு பூரான் கடித்து, மூன்று நாள் செருப்பு மாட்ட முடியாமல் கிடந்தாள். வெள்ளை சிமெண்ட் வாங்கி வந்து நான்கு பக்கமும் வழித்துப் பூசினார் கொழுந்தன். நானாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன், நம் ஊர்க்காரர்கள் யாராக இருந்தாலும் செய்திருப்பார்கள்.

பூசிய கையோடு இருவரும் பைக்கில் ஐந்தருவிக்குப் போய்க் குளித்துவிட்டு, ஈரத்தலையோடு வந்தார்கள். எனக்கு ஒரு பை மங்குஸ்தான் கொடுத்தாள். அதில் ஒன்றுகூட அழுகல் இல்லை. அழுகல் இருந்திருந்தால் எவ்வளவோ ஆறுதலாக இருந்திருக்கும்.

அன்று மாலை என் கணவரோடு வீடியோ காலில் பேசும்போது போனை எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் போனேன். ஓரகத்தியும் கொழுந்தனும் மாடியில் இருந்தார்கள். பாருங்கள் உங்கள் தம்பியின் திறமையை என்று காட்டுவதுதான் என் எண்ணம். பார்த்துக் கொஞ்சம் உறைக்கட்டும். அவர் முகத்தைப் போனுக்குக் கிட்டக் கொண்டுவந்து பார்த்தார்.

"கேமராவ ஓரத்துக்குக் கொண்டு போ. இன்னும் கீழ. அது என்ன வெள்ளையா?"

"வெள்ள சிமெண்டு. பூரானுக்கு அடச்சிருக்காங்க."

"அடைக்கக் கூடாதுட்டி. வெயில் காலத்துல பலகை விரியும். விரியதுக்கு எடம் இல்லன்னா நடுவுல தூக்கிரும். இப்ப ஈரமாத்தான் இருக்கும், ஒரு கரண்டிய வச்சுச் சொரண்டுனா வந்துரும். அவன்ட்ட சொல்லிரு. நான் சொன்னா, அண்ணன் குத்தம் கண்டுபிடிக்கான்னு நெனைப்பான். நீ பக்குவமாச் சொல்லு."

சரி என்றேன்.

நான் சொல்லவில்லை. அன்று இரவுச் சாப்பாட்டின்போது சொல்லலாம் என்று இருந்தேன். அவள் எனக்கு இடியாப்பம் பரிமாறிக்கொண்டே, "இவங்களுக்கு இவ்வளவு வேல தெரியும்னு எனக்கே தெரியாது லாத்தா" என்றாள். இடியாப்பத்தோடு சொல்லவந்ததையும் விழுங்கிவிட்டேன். மறுநாள் சிமெண்ட் காய்ந்துவிட்டது. நான் சொன்னால் பொறாமையில் சொல்கிறேன் என்பாள் என்று எனக்கு நானே ஒரு காரணம் வைத்துக்கொண்டேன். அவள் அப்படிச் சொல்லியிருந்தால் அது உண்மையாகத்தான் இருந்திருக்கும். அடுத்த வாரம் அவர் போனில், "சொல்லிட்டியா?" என்று கேட்டார். "சொல்லிட்டேன்" என்றேன்.

கொழுந்தன் தோஹாவுக்குப் போனார். சாரல் போய் ஐப்பசி மழை வந்தது. அந்தத் தரை ஒன்றும் ஆகவில்லை. வருகிறவர்கள் எல்லாம் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போய், "மரமா இது?" என்று கேட்டார்கள். அவள் ஒவ்வொருவரிடமும், "மரம் இல்ல. இவங்களே போட்டது" என்றாள். இந்தப் பக்கத்தில் இருந்து எனக்கு ஒரு எழுத்து விடாமல் கேட்கும். என்னிடம் ரவிக்கை தைக்க வந்த பெண்கள்கூட அளவு கொடுத்த கையோடு அங்கே எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்கள். "ஒங்க வீட்டுக்காரரு இந்த வேலதான பாக்காரு? ஒங்களுக்குப் போடலையா?" என்று ஒருத்தி கேட்டாள். அவள் ரவிக்கையை இரண்டு நாள் தாமதமாகக் கொடுத்தேன்.

நோன்பின் கடைசியில் என் கணவர் லீவில் வந்தார். வந்த மறுநாளில் இருந்து ஐந்து வேளையும் பள்ளிவாசலுக்குப் போனார். முன்பெல்லாம் வெயில் நேரத்துத் தொழுகையை வீட்டிலேயே பாய் விரித்துத் தொழுகிறவர். வயது நாற்பத்தைந்தைத் தாண்டியதும் பயபக்தி கூடிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். பெருநாள் அன்று எல்லாரும் தரையில் சுற்றி உட்கார்ந்து சாப்பிட்டபோது, வந்தவர்களைக் கவனிக்கிறேன் என்று நின்றுகொண்டே இருந்தார். பிறகு மேசையில் தனியாக உட்கார்ந்து சாப்பிட்டார். அதையும் பெருந்தன்மை என்று எடுத்துக்கொண்டேன்.

பெருநாள் முடிந்த நான்காம் நாள் பேச்சை எடுத்தேன். இந்தத் தடவை போட்டே ஆக வேண்டும் என்றேன்.

"போட்டுருவோம். செங்கோட்டையில ஒரு ஆள் இருக்கான், கேரளத்துல எல்லாம் போட்டவன். சொல்லி விடுதேன்."

"ஆள் போட்ட தரை எனக்கு என்னத்துக்கு?"

"ஆள் போட்டாலும் தரை தரைதான."

"ஒங்க தம்பி கணக்கு எழுதுதவரு. அவரு பொண்டாட்டிக்குன்னு நாலு நாளு முட்டி போட்டு உக்காந்தாரு. நீங்க ஊரான் வீட்டுக்கெல்லாம் முட்டி போடுதிய. எனக்குன்னா மட்டும் ஆள் விடுதிய."

அவர் எழுந்தார். தொப்பியை எடுத்துக்கொண்டு, பாங்குக்கு இன்னும் அரைமணி நேரம் இருக்கும்போதே பள்ளிக்குக் கிளம்பிவிட்டார். மூன்று நாள் எங்களுக்குள் பேச்சு, 'சோறு வைக்கவா', 'வை' என்பதோடு நின்றது. பாளையங்கோட்டை ஹாஸ்டலில் இருந்து மகள் போன் செய்தபோது மட்டும், இருவரும் ஒரே போனுக்குள் தலையை நீட்டி நன்றாகப் பேசிக்கொள்கிறவர்கள் மாதிரி நடித்தோம்.

சித்திரை பிறந்து ஒரு வாரம் ஆகியிருக்கும். அப்போது குற்றாலத்தில் அருவிப்பாறை வெறும் பாறையாகக் கிடந்தது. எங்கள் மொட்டைமாடியில் காலை வைக்க முடியவில்லை. மதியத் தொழுகையான லுஹர் தொழுதுவிட்டு வந்து அவர் நாற்காலியில் சாய்ந்திருந்தார். நான் மிஷினில் இருந்தேன். சுவருக்கு அந்தப் பக்கம் 'டம்' என்று ஒரு சத்தம். அதற்குப் பின்னாலேயே அவளுடைய அலறல்.

"மச்சான்! லாத்தா! கொஞ்சம் ஓடியாங்களேன்!"

என் கணவரை அவள் மச்சான் என்றுதான் கூப்பிடுவாள். அவர் எழுந்து போனார். நான் போகவில்லை. என்ன நடந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். பத்து மாதமாக நான் எதிர்பார்த்துக்கொண்டிருந்த சத்தம் அது. உள்ளுக்குள் ஒரு குளிர்ச்சிகூட வந்தது. அந்தக் குளிர்ச்சி ஐந்து நிமிடம்தான் நின்றது.

ஏனென்றால், சுவர் வழியாக மறுபடி அதே சத்தம் வந்தது. டொக், டொக். ரப்பர் சுத்தி. அது கொழுந்தனின் தட்டு மாதிரி தயங்கித் தயங்கி வரவில்லை. ஒரே அளவாக, வேலை தெரிந்த கையின் தட்டு. என் கணவர் தட்டுகிறார், அவள் வீட்டில். நடுவே அவர் குரல் கேட்டது. என்னிடம் மூன்று நாளாகச் சேர்ந்தாற்போல் நான்கு வார்த்தை பேசாதவர், அவளுக்கு எது பூட்டு, எது காடி என்று விளக்கிக்கொண்டிருந்தார். "அந்த முனையப் பிடிச்சுக்கோ" என்றார். பிடித்துக்கொண்டாள் போலிருக்கிறது. நான் நூலை அறுத்து எறிந்துவிட்டு எழுந்தேன். என்ன கேட்பது என்றுகூட யோசிக்கவில்லை. நான் கேட்டதற்கு ஆள் விடுகிறவர், அவள் கூப்பிட்டதும் முட்டி போடுகிறாரா என்று மட்டும்தான் மண்டைக்குள் ஓடிக்கொண்டிருந்தது.

அங்கே பட்டாசலின் நடுவில், பாய்க்கு அடியில் ஆள் படுத்திருப்பதுபோலத் தரை நீளவாக்கில் தூக்கிக்கொண்டு நின்றது. மேற்கு ஜன்னலில் இருந்து வெயில் நேராக அதன்மேல் விழுந்துகொண்டிருந்தது. அவர் முட்டி போட்டு, தூக்கிய பலகைகளின் பூட்டைத் தட்டித் தட்டிக் கழற்றிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கப் பார்த்தார். முடியவில்லை. ஒரு கையைத் தரையில் ஊன்றினார். பிறகு ஜன்னல் கம்பியை எட்டிப் பிடித்தார். கம்பியைப் பிடித்துத் தன் உடம்பைத் தானே தூக்கினார். பல்லைக் கடித்திருந்தார். நின்ற பிறகும் கம்பியை விடவில்லை. நாற்பத்தாறு வயது ஆள். எனக்குக் கேட்க வந்தது மறந்துபோனது.

"மச்சான், நீங்க நாற்காலில இருங்க. அப்பவே சொன்னேம்லா, முட்டுக்கு ஒரு தலகாணி வைங்கன்னு" என்று அவள் நாற்காலியை இழுத்துப் போட்டாள். எனக்குத் தெரியாத வலி அவளுக்குப் பத்து நிமிடத்தில் தெரிந்துவிட்டது. அதற்கும் எனக்கு எரிந்தது, பொய் சொல்வானேன்.

அவள் தரையையும் சுவரையும் மாறி மாறிப் பார்த்தாள். "எடம் விட்டது அடைக்கதுக்கு இல்லையாம் லாத்தா. வெயிலுக்கு விரியுமாம். எங்களுக்கு எப்படித் தெரியும்? அன்னைக்கே ஒரு ஆள் சொல்லிருந்தா எவ்வளவு நல்லா இருந்திருக்கும்."

அவர் என்னைப் பார்த்தார். ஒரு கணம்தான். நான் 'சொல்லிட்டேன்' என்று போனில் சொன்ன பொய் அவருக்கு அந்தக் கணத்தில் தெரிந்துவிட்டது. தெரிந்தது எனக்கும் தெரிந்தது. பிறகு அவர் அவள் பக்கம் திரும்பி, வெகு சாதாரணமாகச் சொன்னார்:

"நான் போன்ல பாத்தேன். சொல்லணும்னு நெனச்சேன், மறந்துட்டேன். தப்பு எம்மேலதான்."

"அதனால என்ன மச்சான்! ஒங்களுக்கு அங்கன ஆயிரம் வேல. இதையா ஞாபகம் வச்சிருப்பிய? மொதல்ல இருங்க, மோரு கொண்டாரேன்" என்றாள். வாய் நிறையச் சொன்னாள். அடுக்களைக்குப் போய் இரண்டு டம்ளரோடு வந்தாள். "இவ்வளவு முட்டுவலிய வச்சிக்கிட்டு எனக்காக வந்தியளே" என்று அவர் கையில் ஒரு டம்ளரைக் கொடுத்தபோது அவளுக்குக் கண்ணே கலங்கிவிட்டது.

மனசாட்சி உறுத்தி உண்மையைச் சொன்னேன் என்று எழுத ஆசைதான். ஆனால் அது நடக்கவில்லை. அவர் செய்யாத தப்புக்கு அவள் அவரை அத்தனை அன்பாக மன்னித்ததை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. என் கணவரை மன்னிக்க இவள் யார் என்று இருந்தது.

"அவங்க சொல்லிட்டாங்க. அன்னைக்கே சொன்னாங்க. ஒங்ககிட்டச் சொல்லச் சொல்லி எங்கிட்டச் சொன்னாங்க. நான்தான் சொல்லல" என்றேன்.

"மறந்துட்டியளா லாத்தா?"

"மறக்கல."

அவள் கையில் இன்னொரு டம்ளர் இருந்தது. அது எனக்குக் கொண்டுவந்தது. அதை மெதுவாக ஜன்னல் திண்டில் வைத்தாள். என்னைத் திட்டுவாள், அழுவாள், கொழுந்தனுக்கு உடனே போன் போடுவாள் என்று நான் எதிர்பார்த்து நின்றேன். அவள் கொல்லைப்பக்கம் போய் ஒரு உளியும் சுத்தியலும் எடுத்து வந்து என் முன்னால் நீட்டினாள்.

"அப்ப நீங்களே பேத்து எடுங்க லாத்தா."

வாங்கிக்கொண்டேன். வேறு என்ன செய்ய? சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு சுவரோரமாக முட்டி போட்டேன். நான்கு பக்கமும், மூலை முடுக்கெல்லாம், கல்லாய் இறுகியிருந்தது அந்த வெள்ளை சிமெண்ட். மூக்குக்குள்ளும் கண்ணுக்குள்ளும் தூள் பறந்தது. அவர் நாற்காலியில் இருந்தபடி காலை நீட்டிக் காட்டிக் காட்டிச் சொன்னார். "பலகையில உளி படாம. சுவத்துப் பக்கமாச் சாய்ச்சுப் பிடி. ஆராம்சே, ஆராம்சே." மெதுவாக என்று அர்த்தமாம். வடநாட்டு ஆட்களோடு வேலை செய்து செய்து, வேலை என்று வந்தால் அவருக்கு அந்தப் பாஷைதான் வாயில் வரும். எனக்குத் தெரியாத அவருடைய பன்னிரண்டு வருடம் அந்தக் குரலில் இருந்தது. அதை நான் அன்றைக்குத்தான் முதன்முதலாகக் கேட்டேன்.

பெயர்த்து முடித்ததும், உடைந்த பூட்டுள்ள நான்கு பலகைகளைத் தள்ளிவிட்டு, பரணில் மீந்து கிடந்த பெட்டியில் இருந்து வேறு எடுத்துக்கொண்டோம். அவர் சொல்ல, நான் சாய்த்துச் செருக, அவள் மறுமுனையைப் பிடித்தாள். கிளிக். அடுத்தது. கிளிக். அவரும் நானும் சேர்ந்து தரை போட வேண்டும் என்று பத்து மாதம் ஏங்கியது நடந்துவிட்டது, அவள் வீட்டில், அவளும் நானும் முகத்தைப் பார்க்காமல் வேலை செய்ய. சுவரோரத்து இடத்தின்மேல் ஒரு பட்டியைச் சுவரில் மட்டும் அடித்து மறைத்துவிட்டால் பூரான் வராது, பலகைக்கும் மூச்சு விட இடம் இருக்கும் என்று அவர் அவளிடம் சொன்னார். அவள் தலையை ஆட்டினாள். மோர் அந்த ஜன்னல் திண்டிலேயே தண்ணீர் பிரிந்து கிடந்தது.

சாயங்காலம் அஸர் தொழுகைக்குப் பாங்கு சொன்னபோது எழுந்திருக்கப் பார்த்தேன். முட்டி மடக்கினபடியே நின்றுவிட்டது. ஒரு மதியம், அவ்வளவுதான் நான் முட்டி போட்டது. எட்டிக் கம்பியைப் பிடித்துத்தான் எழுந்தேன். அவர் பார்த்துக்கொண்டிருந்தார். சிரித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

வீட்டுக்கு வந்ததும், "கைலியத் தூக்குங்க, பாப்போம்" என்றேன். வேண்டாம் என்றார். விடவில்லை. இரண்டு முட்டியும் ஆட்டுக்குளம்பு மாதிரிக் கறுத்துக் காய்த்துப்போயிருந்தன. இடது முட்டி வலதைவிடப் பருத்திருந்தது. தொட்டால் உள்ளே சூடு. இருபத்தொரு வருடம் குடும்பம் நடத்திய எனக்கு, லீவு நாட்களில் அவர் ஏன் விளக்கை அணைத்த பிறகே உடை மாற்றினார் என்பது அப்போதுதான் புரிந்தது. பள்ளியில் பின்வரிசையில் நாற்காலி போட்டிருப்பார்கள், வயசாளிகளுக்கு. அதில் உட்கார்ந்து தொழத்தான் ஐந்து வேளையும் பள்ளிக்கு ஓடியிருக்கிறார். வீட்டில் தொழுதால், நெற்றி தரையில் பட சஜ்தாவுக்குக் குனிய முடியாதது எனக்குத் தெரிந்துவிடும்.

"எப்ப இருந்து?"

"மூணு வருசமா."

"எங்கிட்ட எதுக்குச் சொல்லல?"

"சொன்னா, வேலைய விட்டுட்டு வாங்கம்ப. வந்து? எனக்கு வேற என்ன வேல தெரியும்?"

தேங்காய் எண்ணெயைச் சூடாக்கி வந்து அவர் காலடியில் உட்கார்ந்தேன். தேய்க்க விட்டார். கொஞ்ச நேரம் கழித்து, கோபமே இல்லாமல் கேட்டார்.

"நீ எதுக்குட்டி உண்மையச் சொன்ன? நான்தான் என் தலையில போட்டுக்கிட்டேம்லா. எம்மேல அவ எவ்வளவு கோவப்பட்டாலும் எனக்கு என்ன? இன்னும் பதினஞ்சு நாளுல நான் போயிருவேன். நீயும் அவளுந்தான இங்கன இருக்கணும்."

அவர் அந்தப் பொய்யைச் சொன்னது அவளுக்காக என்று நினைத்துத்தான் நான் எரிந்தேன். எனக்காக என்பது கடைசிவரை மண்டையில் ஏறவே இல்லை.

"போவாதிய" என்றேன். இந்தப் பன்னிரண்டு வருடத்தில் எத்தனையோ தடவை விமானம் ஏற்றி விட்டிருக்கிறேன். அந்த வார்த்தையை ஒரு தடவைகூடச் சொன்னதில்லை. சொல்லக் கூடாது என்பது இந்தத் தெருப் பெண்களுக்குள் எழுதாத சட்டம்.

"போவாம எப்படி? நாலு வில்லா பாக்கி கெடக்கு. அத முடிச்சுக் குடுத்துட்டா, பெறவு பாப்போம். இந்த முட்டு அதுவரைக்கும் தாங்கும்னு டாக்டரு சொல்லிருக்காரு."

"யாரு வீடு?"

"யாருக்குத் தெரியும்? வீட்டுக்காரங்கள நாங்க பாக்கதே இல்ல. நாங்க போட்டு முடிச்சு, தொடச்சிட்டுக் கெளம்புன பெறவுதான் அவங்க குடி வருவாங்க."

முகம் தெரியாத அந்த நான்கு வீட்டுக்காரிகள் மேல் எனக்கு வந்த பொறாமைக்கு முன்னால், ஓரகத்தி மேல் பட்ட பொறாமை ஒன்றுமே இல்லை. இவர் யாரென்றே தெரியாமல், இவர் முட்டியின் மேல் அவர்கள் நடக்கப் போகிறார்கள். அந்த முட்டியில் மிச்சம் இருப்பது நான்கு வீட்டுக்குத்தான் காணும். ஐந்தாவதாக வரிசையில் போய் நிற்க எனக்கு மனம் வரவில்லை.

"நமக்கு அடுத்த லீவுல போட்டுருவோம்" என்றார் அவர்.

"எனக்கு வேண்டாம்" என்று சொல்லி, இடது முட்டியில் இன்னும் கொஞ்சம் எண்ணெய் வைத்தேன்.